முப்பத்தோராம் நாள் கவிதைகள்

றிச்மண்ட் ஹில்
24.02.2025

அன்புள்ள பிரதீபாவுக்கு,

ஏழு நாளில் பதினொரு தரம் போன் அடித்தேன். பிறகுதான் என் மகள் ஸ்டெபனி போனை வாங்கிப் பார்த்து, "அப்பா, அவ உங்களை புளொக் பண்ணிட்டா" என்றாள். நேரில் வரலாம் என்றால், கண்ணில் பிரஷர் வந்த நாள் தொடக்கம் எனக்குக் கார் ஓடத் தடை. இங்கிருந்து ரூஜுக்கு மூன்று பஸ் மாறி வந்து, உங்கள் கதவு திறக்காமல் திரும்பிப் போக எனக்குத் தெம்பு காணாது. ஆகவே கடிதம். கடைசியாக யாருக்குக் கடிதம் எழுதினேன் என்று எனக்கே ஞாபகம் இல்லை.

முதலில் மன்னிப்பு. கீதன் இறந்த முப்பத்தோராம் நாளன்று மண்டபத்தில் நான் அப்படிக் கத்தியிருக்கக் கூடாது. சனம் சோற்றுத் தட்டோடு நிற்க, கல்வெட்டுப் புத்தகத்தைத் தூக்கிப் பிடித்து "இது அவன்ர இல்லை" என்று கூச்சல் போட்டது அறிவுள்ள வேலை இல்லை. நான் குடிக்கவும் இல்லை. குடித்திருந்தேன் என்று நீங்கள் சொல்வதாகக் கேள்விப்பட்டேன்.

ஆனால் சொன்ன விஷயம் உண்மை. நீங்கள் அச்சடித்துக் கொடுத்த அந்த நினைவு மலரில் "அமரர் கீதனின் கவிதைகள்" என்று இருபத்துமூன்று கவிதைகள் இருக்கின்றன. ஒன்றுகூடக் கீதன் எழுதியது அல்ல. எல்லாம் சூல்வே சியமூங்கா என்ற ஆப்பிரிக்கப் பெண்மணி எழுதியவை. சாம்பியா நாட்டுக்காரி. மூன்று கவிதைப் புத்தகம், இரண்டு நாவல். எழுபத்தாறு வயது, நல்ல சுகத்தோடு உயிரோடு இருக்கிறா. கீதன் செய்தது தமிழாக்கம். கொப்பியில் தலைப்பும் போடாமல், எழுதினவரின் பெயரும் போடாமல், ஒன்று இரண்டு என்று நம்பர் மட்டும் போட்டு வைத்திருந்தான். அதனால் வந்த வினை.

ஊர் ஒன்றியத் தலைவர் சண்முகநாதன் அண்ணை மேடையில் என்ன சொன்னார்? "முதலைகளுக்கு அறிவித்தல் ஒட்டவில்லை, அவை தங்கிவிட்டன" என்ற வரியை வாசித்து, முதலை என்றால் ஆமி, அறிவித்தல் என்றால் தொண்ணூற்றைந்தாம் ஆண்டு யாழ்ப்பாண இடப்பெயர்வு என்று அரை மணித்தியாலம் விளக்கினார். பிரதீபா, அது முதலைதான். நாலு காலும் வாலும் உள்ள முதலை. அந்த நாட்டில் பெரிய ஆற்றை மறித்து அணை கட்டினபோது கரையில் இருந்த ஊர்களை எல்லாம் லொறியில் ஏற்றி மேட்டுக்குக் கொண்டுபோய் இறக்கினார்கள். முதலைகள் மட்டும் அங்கேயே இருந்தன. அதைத்தான் அந்த மனுஷி எழுதினா.

ஒக்டோபரில் இதைப் பெரிய புத்தகமாகப் போட்டு வெளியீட்டு விழா வைக்கப்போவதாகச் சண்முகநாதன் அண்ணை அறிவித்தார். தயவுசெய்து அதை நிறுத்துங்கள். இன்னொருத்தியின் பிள்ளைக்குக் கீதனின் பெயரை வைக்கிற வேலை அது.

இப்படிக்கு,
கிளிபோட்


ரூஜ்
05.03.2025

திரு. கிளிபோட் அவர்களுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. நான் ஓடுகிற பள்ளிக்கூட பஸ்ஸில், காலைப் பிள்ளைகளை இறக்கிவிட்டு, ஸ்டியரிங்கில் கடதாசியை வைத்து இதை எழுதுகிறேன். எழுத்துக் கோணல் என்றால் அதுதான் காரணம்.

நான் உங்களை மண்டபத்தை விட்டு அனுப்பியது குடித்தீர்கள் என்று அல்ல. என் மனுஷன் செத்து முப்பத்தொரு நாள். அவர் எனக்கு வைத்துவிட்டுப் போனது அந்த ஒரு கொப்பி. பிளாஸ்டிக் ஃபக்டரியில் ஷிப்ட் ஷிப்டாக நின்ற மனுஷனுக்குள் இப்படி ஒரு ஆள் இருந்தாரே என்று நான் ஒரு மாதம் அழுதுகொண்டு வாசித்தேன். அதையும் பிடுங்க வந்தீர்கள். இருபத்தாறு வருஷம் சனிக்கிழமைச் சனிக்கிழமை "கிளிபோட்டோட சீட்டு விளையாடப் போறன்" என்று அவரைக் கொண்டுபோனது காணாதா?

எனக்கு உங்கள் ஆப்பிரிக்காக்காரியைத் தெரியாது. ஆனால் ஒன்று கேட்கிறேன், நேரே பதில் சொல்லுங்கள். பதினேழாவது கவிதை. "பெருக்கமரத்தடியில் எனக்காக ஒருத்தி நிற்கிறாள், அவள் மணிக்கட்டில் உப்பு." கரவெட்டியில் ஏது பெருக்கமரம்? கரவெட்டியில் பிறந்து, கொழும்புக்கு வந்து, கனடாவுக்கு வந்த மனுஷன் அதை எங்கே கண்டார்? பெருக்கமரம் நிற்கிறது உங்கள் மன்னாரில். மன்னாரில் உப்பளமும் இருக்கிறது. உங்கள் தங்கை அருள்மலரும் இருந்தா. நீங்கள் எல்லாரும் பார்க்டேலில் ஒரே கட்டிடத்தில் இருந்த காலத்தில் அவவும் வந்து உங்களோடு இருந்தாதானே? நான் வந்து இறங்கின அடுத்த மாதம் அவ அவசரம் அவசரமாக நோர்வேக்குக் கலியாணம் கட்டிக்கொண்டு போனா.

இதை மறைக்கத்தான் "எழுதினது வேற ஆள்" என்று கதை விடுகிறீர்களா? உங்கள் தங்கையின் மானம் பெரிது என்றால் என்னுடையது என்ன?

விழா பதினெட்டாம் திகதி ஒக்டோபர். மண்டபம் எடுத்தாயிற்று.

பிரதீபா கீதன்


றிச்மண்ட் ஹில்
12.03.2025

அன்புள்ள பிரதீபாவுக்கு,

சிரித்துவிட்டேன். குறை நினைக்காதேயுங்கோ, அருள்மலரின் பெயரைப் பார்த்ததும் வந்த சிரிப்பு. அவ உங்கள் மனுஷனுக்கு வைத்த பெயர் "கறுவல் நத்தை." ஒரு பாத்றூமுக்கு ஆறு பேர் இருந்த வீட்டில் கீதன் உள்ளே போனால் முக்கால் மணித்தியாலம். அவள் கதவில் உதைத்த உதை இன்னும் அந்தக் கதவில் இருக்கும். நோர்வே மாப்பிள்ளை இரண்டு வருஷமாக விசாவுக்குக் காத்திருந்து கிடைத்த மாப்பிள்ளை. அவ்வளவுதான்.

பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. நீங்கள் இரண்டு மாதமாக இதையா நினைத்துக்கொண்டு பஸ் ஓடினீர்கள் என்று யோசித்தேன். மனதுக்கு மிகவும் கஷ்டமாக இருந்தது.

பெருக்கமரத்தின் சொந்த ஊரே ஆப்பிரிக்காதான். அங்கேயிருந்து அரபு வியாபாரிகள் கொண்டுவந்து மன்னாரில் நட்டார்கள் என்று எங்களுக்குப் பள்ளிக்கூடத்தில் சொல்லித் தந்தார்கள். சியமூங்காவின் ஆற்றங்கரை முழுக்க அந்த மரம். ஆங்கிலத்தில் அதன் பெயர் வந்தபோது கீதனுக்குத் தெரியவில்லை. "பத்துப் பேர் கைகோத்தாலும் கட்டிப்பிடிக்க ஏலாத மரம், எங்கட பள்ளிமுனையில நிக்குது" என்று நான் சொன்னேன். அவன் எழுதினான். அந்தக் கவிதைக்கு மூலத்தில் "என் தாய்" என்று தலைப்பு இருக்கிறது. லொறி வரும் நாளில் உப்புப் பொட்டலத்தைக் கையில் கட்டிக்கொண்டு நின்ற தாய். அவ நிற்பது வேறு யாருக்காகவும் இல்லை, கவிதை எழுதின மகளுக்காக.

சீட்டைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். எங்களிடம் ஒரு சீட்டுக்கட்டுக்கூட இருந்தது இல்லை. தொண்ணூற்றாறாம் ஆண்டு பார்க்டேலில், லோண்ட்றியில் உடுப்புச் சுற்றிக்கொண்டிருந்தபோது நாங்கள் இருந்த வாங்கில் ஒரு மெல்லிய புத்தகம் கிடந்தது. யாரோ விட்டுவிட்டுப் போனது. சியமூங்காவின் முதல் புத்தகம். எனக்கு ஏதோ கொஞ்சம் ஆங்கிலம் தெரியும், மன்னாரில் ரியூஷன் கொடுத்தவன். நான் வாசித்து வாசித்து அர்த்தம் சொன்னேன். "அம்மா ஆட்டை ஏற்ற விடவில்லை, ஆட்டின் கயிற்றை மட்டும் மடியில் வைத்துக்கொண்டு ஏறினாள்" என்ற இடத்தில் கீதன் என் கையிலிருந்து புத்தகத்தைப் பிடுங்கி மூடினான். அவனுடைய தாய் இடப்பெயர்வின்போது வீட்டைப் பூட்டித் திறப்பை மட்டும் கொண்டுவந்தவ. அடுத்த கிழமை ஒரு கொப்பி வாங்கிவந்தான்.

அன்று தொடங்கினது. நான் வாசிப்பேன், கருத்தைச் சொல்லுவேன். அவன் கண்ணை மூடிக்கொண்டு தமிழில் ஒரு வரி சொல்லுவான். நான் "அது பிழை" என்பேன். சண்டை. பிளேன் ரீ. பிறகு அவனுடைய முத்து முத்தான எழுத்தில் கொப்பியில் ஏறும். சில சனிக்கிழமை இரண்டு வரிதான் நடக்கும். அவவின் புதுப் புத்தகம் ஒவ்வொன்றும் வரும்போது எங்களுக்குத் தீபாவளியும் நத்தாரும் சேர்ந்து வந்தது மாதிரி.

ஐந்து புத்தகமும் அனுப்புகிறேன். ஒவ்வொரு கவிதைக்கும் பக்கத்தில் மஞ்சள் துண்டு ஒட்டி நம்பர் போட்டிருக்கிறேன். மகளை வைத்து ஒத்துப் பாருங்கள்.

இவ்வளவையும் ஏன் உங்களுக்கு மறைத்தான் என்று கேட்பீர்கள். அது எனக்குத் தெரியாது.

கிளிபோட்


ரூஜ்
02.04.2025

கிளிபோட் அண்ணைக்கு,

நிலாணி மூன்று இரவு இருந்து ஒத்துப் பார்த்தாள். அவளுக்குத் தமிழ் எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வரும், ஆகவே நான் தமிழை வாசிக்க அவள் ஆங்கிலத்தைத் தேடினாள். கிட்டத்தட்ட நீங்களும் அவரும் செய்த மாதிரித்தான், மறுபக்கமாக. இருபத்துமூன்றும் இருக்கின்றன.

அருள்மலரைப் பற்றி எழுதினதற்கு மன்னிப்புக் கேட்கிறேன். அவவிடம் சொல்லாதேயுங்கோ.

உண்மையைச் சொன்னால் முதல் வந்தது நிம்மதி. வேறு ஒருத்தியும் இல்லை. அடுத்த நிமிஷம் கொப்பியைப் பார்த்தேன். அந்த ஒருத்தியோடு சேர்ந்து என் கவிஞரும் போய்விட்டார். ஒரு மாதம்தான் நான் ஒரு கவிஞரின் மனைவியாக இருந்தேன். இனித் திரும்பவும் பிளாஸ்டிக் ஃபக்டரிக் கீதன்.

அதையும் தாங்கிக்கொண்டேன். பிறகு நிலாணி முதல் புத்தகத்தைச் சும்மா புரட்டினாள். நாற்பத்தோராம் பக்கத்தில் நின்று, "அம்மா, this one is yours, no?" என்றாள்.

அந்தப் பக்கத்தில் நீங்கள் மஞ்சள் துண்டு ஒட்டவில்லை.

கல்வெட்டின் முன்பக்கத்தில் நான் போட்ட கவிதை அது. கொப்பியில் இருந்து எடுத்தது அல்ல, என் பெட்டியில் இருந்து எடுத்தது. தொண்ணூற்றெட்டில், கலியாணப் பேச்சு நடந்துகொண்டிருந்தபோது, இங்கேயிருந்து அவர் எனக்கு அனுப்பினது.

"வா. பாதை போட்டாயிற்று என்கிறார்கள்.
வரும் நாளை மட்டும் சொல்லாதே.
சொன்னால் நான் அடுப்பைப் பார்க்கமாட்டேன்,
வாசலைத்தான் பார்ப்பேன்."

அந்த நேரம் எனக்கு லண்டனில் இருந்தும் ஒரு சம்பந்தம் வந்திருந்தது. எஞ்சினியர். அம்மா அப்பா இருவருக்கும் அதுதான் விருப்பம். நான் இந்த நாலு வரியைப் பிடித்துக்கொண்டு ஒற்றைக் காலில் நின்றேன். "உவன் ஆர் எண்டே தெரியாது, ஃபக்டரியில நிக்கிறானாம்" என்று அப்பா சொன்னார். "ஆர் எண்டு எனக்குத் தெரியும்" என்று நான் சொன்னேன். எங்கள் வீட்டில் அப்பாவை எதிர்த்துப் பேசின முதல் ஆள் நான்தான். வந்து பார்த்தால் அடுப்பைப் பற்றி எழுதின மனுஷனுக்கு ஒரு முட்டை அவிக்கத் தெரியாது. அதைக்கூட நான் பகிடியாகத்தான் எடுத்தேன்.

ஒரே ஒரு கேள்வி. இது உங்களுக்குத் தெரியுமா? கதை வேண்டாம். ஓம் அல்லது இல்லை.

பிரதீபா


றிச்மண்ட் ஹில்
09.04.2025

ஓம்.

கிளிபோட்


றிச்மண்ட் ஹில்
18.04.2025, பெரிய வெள்ளி

அன்புள்ள பிரதீபாவுக்கு,

ஒரு சொல்லில் கேட்டீர்கள், ஒரு சொல்லில் சொன்னேன். அதோடு இருந்திருக்கலாம். ஒன்பது நாளாக நித்திரை இல்லை. இன்று கோயிலுக்குப் போய் சிலுவையை முத்தமிட வரிசையில் நின்றுவிட்டு, பாதியில் விலகி வந்துவிட்டேன். "எனக்குத் தெரியாது" என்று தவக்காலத்தில் வைத்து உங்களுக்குப் பொய் எழுதினவன் நான்.

நடந்தது இதுதான். உங்கள் படம் வந்த அன்றே கீதன் விழுந்துவிட்டான். நீங்கள் பி.ஏ. இரண்டாம் வருஷம் என்று கேட்டதும் பயந்துவிட்டான். எழுதுவான், கிழிப்பான். "சுகம், சுகமறிய ஆவல்" என்பதற்கு மேல் அவனுக்குப் பேனை ஓடாது. அந்தக் கிழமை நாங்கள் அந்தக் கவிதையைச் செய்து முடித்திருந்தோம். அதைக் கொப்பியில் ஏற்றாமல் கடிதத்தின் அடியில் எழுதிவிட்டு என்னிடம் காட்டினான். "கீழ அந்த அம்மான்ர பேரைப் போடவோ?" என்று கேட்டான்.

நான்தான் சொன்னேன், "போட்டா வாத்தியார் பாடம் எடுக்கிற மாதிரி இருக்கும். யாழ்ப்பாணத்தில உதை ஆருக்குத் தெரியப்போகுது?" என்று.

கேட்டவன் அவன். வேண்டாம் என்றவன் நான். இருபத்தாறு வருஷத்துக்கும் சேர்த்து இதுதான் என் பாவசங்கீர்த்தனம்.

நீங்கள் வந்தீர்கள். வந்த கிழமையே அந்த நாலு வரியை அவனுக்கு முன்னால் பாடமாகச் சொன்னீர்களாம். அன்றைக்கு அவன் என்னிடம் வந்து, "மச்சான், இனி நான் செத்தன்" என்றான். இன்று சொல்லுவோம், நாளைக்குச் சொல்லுவோம் என்று இருந்தான். நிலாணி பிறந்தாள். சொல்லக்கூடிய காலம் போய்விட்டது. மொழிபெயர்க்கிறோம் என்று சொன்னால் நீங்கள் புத்தகத்தைக் கேட்பீர்கள், நாற்பத்தோராம் பக்கத்துக்கு வருவீர்கள். ஆகவே சீட்டு. "சீட்டு எண்டா அவ கோவிப்பா, ஆனா தேடிப் பாக்கமாட்டா" என்பான். அவனுடைய திட்டம், ஐந்து புத்தகத்தையும் முடித்து, அந்த மனுஷிக்கு எழுதி அனுமதி எடுத்து, அவவின் பெயரோடு அச்சடித்து, முதல் பிரதியை உங்கள் கையில் தந்து, அப்போது சொல்லுவது. கடைசி நாவலில் பாதி மிச்சம் இருக்கிறது. அந்தக் கொப்பி என்னிடம்தான் கிடக்கிறது.

இன்னொன்றும் இருக்கிறது. எழுத வெட்கமாக இருக்கிறது. மண்டபத்தில் நான் கத்தினது சியமூங்காவுக்காக என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். முழுக்க அப்படி இல்லை. அந்தக் கல்வெட்டில் நாற்பது பக்கம், எத்தனையோ பேரின் அஞ்சலி. அந்த வரிகளில் பாதி என் வாயிலிருந்து வந்தவை. என் பெயர் ஒரு மூலையிலும் இல்லை. சோற்று வரிசையில் நின்ற எனக்குப் பொறாமை வந்தது, செத்துப்போன சிநேகிதனில்.

நீங்கள் இனி எழுதாவிட்டாலும் எனக்கு விளங்கும்.

கிளிபோட்


ரூஜ்
23.06.2025

கிளிபோட் அண்ணை,

இரண்டு மாதமாக எழுதவில்லை. கோபம் என்று மட்டும் நினைக்காதேயுங்கோ. நான் ஒரு இடத்தில் இருக்கமுடியாமல் திரிகிறேன். போன கிழமை ஒரு ஸ்டொப்பை விட்டுவிட்டுப் போய்விட்டேன், பின்னால் இருந்து பிள்ளைகள் கத்தின பிறகுதான் தெரிந்தது. பதினான்கு வருஷத்தில் அப்படி நடந்ததில்லை. வீட்டுக்கு வந்தால் அலமாரியைத் திறக்கிறேன், மூடுகிறேன். அவருடைய சேட்டுகளை ஒரு நாள் பையில் கட்டினேன், அடுத்த நாள் அவிழ்த்துத் தொங்கவிட்டேன். சில நாள் அவருக்காக அழுகை, சில நாள் அவர் உயிரோடு இருந்தால் நல்லாய் ஏசலாம் என்ற ஆத்திரம். ஏசுவதற்கு ஆள் இல்லாமல் ஏசுவது எவ்வளவு களைப்பு என்று உங்களுக்குத் தெரியாது.

சண்முகநாதன் அங்கிளிடம் போய் உண்மையைச் சொன்னேன். இருபத்துமூன்றைப் பற்றி மட்டும். முன்பக்கக் கவிதையைப் பற்றி வாய் வரவில்லை. அவர், "பிள்ளை, அந்த ஆபிரிக்காக்காரி தமிழ் வாசிக்கப் போறாவே? உதை ஆருக்குத் தெரியப்போகுது?" என்றார்.

சொல்லுக்குச் சொல் நீங்கள் சொன்னது. எழும்பி வந்துவிட்டேன். ஆனால் மண்டபம் வேண்டாம் என்று சொல்லாமல்தான் வந்தேன், அதையும் எழுதவேண்டும். சனம் இப்போது என்னைக் கண்டால் "கவிஞர் கீதன்ர மனுசி" என்கிறது. கடையில், கோயிலில், பஸ் யார்டில்கூட. எனக்கு அது பிடித்திருக்கிறது. அதை விட மனமில்லை, வைத்திருக்கவும் முடியவில்லை.

நாவல் இரண்டையும் நிலாணி எனக்கு வாசித்து வாசித்துச் சொல்கிறாள். அணைக்காகக் குடியெழுப்பின சனம் மேட்டில் கிணறு தோண்டுகிற இடத்தில் நிற்கிறோம். பொல்லாத மனுஷி. ஒரு இடத்திலும் அழுகிறா இல்லை, எங்களைத்தான் அழவைக்கிறா.

அவ ஒக்டோபரில் ரொறொன்ரோ வருகிறா. டவுன்ரவுனில் எழுத்தாளர் விழாவாம், நிலாணி கண்டுபிடித்தாள். நான் போய் அவவிடம் சொல்லலாம் என்று இருக்கிறேன். எல்லாவற்றையும்.

பிரதீபா


றிச்மண்ட் ஹில்
02.07.2025

அன்புள்ள பிரதீபாவுக்கு,

போங்கள். புத்தகத்தில் கையெழுத்து வாங்குங்கள். இருபத்துமூன்று கவிதையைப் பற்றியும் சொல்லுங்கள், மன்னிப்புக் கேளுங்கள், அது நியாயம். ஆனால் நாற்பத்தோராம் பக்கத்தைச் சொல்லாதேயுங்கோ.

மண்டபத்தில் உண்மை உண்மை என்று கத்தினவன் இப்போது மூடு என்கிறானே என்று நினைப்பீர்கள். ஓம், அப்படித்தான். மொழிபெயர்த்தவன் என்றால் கீதனுக்கு மரியாதை. பெண் எடுக்கக் கவிதை களவெடுத்தவன் என்றால் சனம் சிரிக்கும். செத்தவன் எழும்பி வந்து தன் பக்கம் சொல்ல முடியாது. அந்த மனுஷியும் நல்ல கோபக்காரி என்று பேட்டிகளில் தெரிகிறது. அவவின் ஒரு பந்தியை யாரோ கேட்காமல் போட்டதற்கு ஒரு முழுக் கட்டுரை எழுதி நாறடித்தவ. கீதனையும் எழுதினால்? அதை நான் வாசிக்கவேண்டும், என் வாயால் அவனுக்குச் சொல்லிக் கொடுத்த பாவத்தை.

அது உங்கள் இருவருக்கும் உள்ள விஷயம். எனக்கும் சேர்த்துத்தான். மூன்று பேரோடு இருக்கட்டும். கையெடுத்துக் கும்பிட்டுக் கேட்கிறேன்.

கிளிபோட்


ரூஜ்
21.10.2025

அன்புள்ள கிளிபோட் அண்ணை,

நீங்கள் விழாவுக்கு வரமாட்டீர்கள் என்று தெரியும். ஸ்டெபனியிடம் விசாரித்தேன், அன்று முழுக்க அறைக்கதவைப் பூட்டிக்கொண்டு இருந்தீர்களாம். ஆகவே நடந்ததை நானே எழுதுகிறேன். உங்கள் நம்பரை புளொக்கில் இருந்து எடுத்துவிட்டேன், நீங்கள் அடிக்கலாம். ஆனால் இது போனில் சொல்கிற விஷயம் அல்ல.

முதல் அந்த மனுஷியை. நிலாணியும் நானும் போனோம். குட்டையான ஆள், பெரிய கண்ணாடி, வாசிக்கும்போது ஒரு கையைக் காற்சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டுதான் வாசித்தா. நாவலில் இருந்து ஒரு பகுதி, பிறகு கவிதைகள். ஆட்டுக் கயிற்றை வாசித்தபோது எனக்கு ஆங்கிலம் தேவைப்படவில்லை. கையெழுத்துக்கு நீட்டு வரிசை. என் முறை வந்ததும் கல்வெட்டை மேசையில் வைத்தேன். மாலை போட்ட கீதனின் படம், தமிழ் எழுத்து. அவவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. நிலாணி சொல்லத் தொடங்கினாள். இருபத்துமூன்றையும் சொன்னாள், அவவின் முகம் இறுகிவிட்டது, அண்ணை. பேனையை மூடிவைத்துவிட்டா. "யாரும் என்னைக் கேட்கவில்லை" என்றா.

"இல்லை. கேட்கப் பயந்தார்கள்" என்றேன். என்னுடைய ஆங்கிலத்தில்தான் சொன்னேன். பிறகு உங்கள் கும்பிடு ஞாபகம் வந்தது. வந்தும், முன்பக்கத்தைத் திருப்பிக் காட்டிச் சொன்னேன். இதை அந்த மனுஷன் எனக்கு அனுப்பினார், தான் எழுதினது என்று நினைக்கவிட்டார், நான் இதற்காகக் கடல் தாண்டி வந்தேன் என்று.

அவ அதைத் தமிழில் சொல்லச் சொல்லிக் கேட்டா. பாடமாகச் சொன்னேன். அவ இன்னொரு தரம் கேட்டா. பிறகு சொன்னா: "அது என் தமையனைக் கூப்பிட்டு நான் எழுதினது. மேட்டுக்குக் கொண்டுபோன முதல் வருஷமே அவன் காய்ச்சலில் போய்விட்டான். அவன் வரவில்லை. நீ வந்திருக்கிறாய்."

கோபம் ஆறிவிட்டது என்று சொல்லமாட்டேன். புத்தகமாகப் போடுவதென்றால் இனித் தன்னிடம் கேட்டுத்தான் போடவேண்டும் என்று கண்டிப்பாகச் சொல்லி, விலாசம் எழுதித் தந்தா. உங்கள் பெயரையும் கேட்டு எழுதிக்கொண்டா.

அடுத்தது விழா. இருநூறு பேர் வந்தார்கள். சண்முகநாதன் அங்கிளிடம் புத்தகத்தை நான் அச்சுக்குக் கொடுக்கவில்லை என்று காலைதான் சொன்னேன். முன்பே சொன்னால் மேடை கிடைக்காது. மனுஷன் மூச்சு வாங்கினார். நான் போய் மைக்கைப் பிடித்தேன். ஒவ்வொரு கதிரையிலும் ஒரு துண்டு வைத்திருக்கிறது, வீட்டுக்குக் கொண்டுபோய்க் கல்வெட்டில் ஒட்டுங்கோ என்றேன். இதுதான் அந்தத் துண்டு:

"பிழை திருத்தம். இம்மலரில் உள்ள இருபத்துநான்கு கவிதைகளையும் எழுதியவர் சூல்வே சியமூங்கா. தமிழாக்கம்: கீதன், கிளிபோட்."

இருபத்துநான்கு என்றதும் முன்வரிசையில் யோகராணி அன்ரி எண்ணத் தொடங்கிவிட்டா. ஆகவே அதையும் சொன்னேன். "முன்பக்கத்துக் கவிதை என்னைக் கலியாணம் கட்ட அந்த மனுசன் களவெடுத்தது" என்றேன். யாரோ சிரித்தார்கள். பிறகு நிறையப் பேர் சிரித்தார்கள். நீங்கள் பயந்த சிரிப்புத்தான். எனக்கும் வந்துவிட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு மேடையில் நின்று சிரித்தேன்.

நாளைக்குக் கடையில் என்னை யாரும் கவிஞரின் மனுஷி என்று சொல்லமாட்டார்கள். சொல்லாமல் விடட்டும். பாதி நாவல் கொப்பியை ஸ்டெபனியிடம் கொடுத்துவிடுங்கள், அல்லது நான் ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே வந்து எடுக்கிறேன். உங்களில் எனக்குக் கோபம் இருக்கிறது, அதைக் கொப்பியோடு சேர்த்து நேரில் பார்க்கலாம்.

வீட்டுக்கு வந்து படுத்த பிறகுதான் எனக்கு அது விளங்கியது. அவர் சொல்லியிருந்தால் நான் என்ன செய்திருப்பேன்? இரண்டு நாள் கதைக்காமல் இருந்திருப்பேன். ஒரு கிழமை புட்டு மட்டும் போட்டிருப்பேன், கறி இல்லாமல். பிறகு இப்படித்தான் சிரித்திருப்பேன். இவ்வளவுதானே, அண்ணை. இருபத்தாறு வருஷம் அந்த மனுஷன் ஒரே கட்டிலில் என்னருகே படுத்துக்கொண்டு எனக்குப் பயந்திருக்கிறார்.

பிரதீபா